வண்ணத் தொலைக்காட்சியின் தொடக்க நாட்களில் வீடியோ ஆபரேட்டர்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஸ்டூடியோ வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு, வாரம் இரண்டு நாள் தொலைக்காட்சித் தொழில்நுட்பம் படிக்கும் பிள்ளைகளுக்கு வகுப்பெடுக்கிறேன். பழைய கேமராக்களைப் பற்றிப் பேச்சு வந்தால், "கேமராவை ஆன் பண்ணினால் கலர் தானாக வந்துவிடாதா சார்?" என்று யாராவது ஒருவர் கேட்பார். வராது. அந்தக் காலத்தில் ஒரு மனிதர் உட்கார்ந்து அதை வரவழைக்க வேண்டியிருந்தது. அவரைப் பற்றி வருடாவருடம் என்னிடம் கேட்கப்படும் கேள்விகளையும் நான் சொல்லும் பதில்களையும் இங்கே எழுதி வைக்கிறேன்.

வீடியோ ஆபரேட்டர் என்றால் கேமராமேன்தானே?

இல்லை. கேமராமேன் ஸ்டூடியோ தளத்தில் கேமராவைப் பிடித்துக்கொண்டு நிற்பவர். ஃபிரேமும் ஃபோகஸும் அவர் பொறுப்பு. வீடியோ ஆபரேட்டர் இருப்பது கண்ட்ரோல் அறையில், அரை இருட்டில், மானிட்டருக்கு முன்னால். கேமராவிலிருந்து கேபிள் வழியாக வரும் படம் எவ்வளவு வெளிச்சமாக, எவ்வளவு கறுப்பாக, என்ன நிறத்தில் வெளியே போக வேண்டும் என்பதை அவர் விரல்கள்தான் முடிவு செய்தன. அமெரிக்காவில் இவருக்கு 'வீடியோ மேன்', 'ஷேடர்' என்றெல்லாம் பெயர். பிரிட்டனில் அந்த வேலையை 'ரேக்ஸ்' என்பார்கள். நம் ஊர் ஸ்டூடியோக்களில் கேமரா கண்ட்ரோல் யூனிட் என்ற பெட்டியின் பெயரையே சுருக்கி ஆளுக்கும் வைத்துவிட்டோம்: "சிசியுல யாரு இன்னைக்கு?"

நீங்கள் சொல்வது எந்தக் காலம், எந்த ஊர்?

முக்கியமாக அமெரிக்கா, 1954 முதல் 1960களின் இறுதி வரை. அதற்கு முன்பே சிபிஎஸ் நிறுவனம் பீட்டர் கோல்ட்மார்க் உருவாக்கிய சுழலும் வண்ணத் தட்டு முறையில் 1951 ஜூனில் ஒளிபரப்பைத் தொடங்கியது. அது வீடுகளில் ஏற்கெனவே இருந்த கறுப்பு வெள்ளைப் பெட்டிகளில் தெரியாது. சில மாதங்களிலேயே நின்றுபோனது. கறுப்பு வெள்ளைப் பெட்டியிலும் ஒத்துப்போகும் என்டிஎஸ்சி முறைக்கு 1953 டிசம்பர் 17 அன்று அரசு அனுமதி கிடைத்தது. இரண்டே வாரத்தில், 1954 ஜனவரி 1 அன்று, கலிஃபோர்னியாவின் பசடீனாவில் நடக்கும் ரோஜா ஊர்வலத்தை என்பிசி என்ற தொலைக்காட்சி நிறுவனம் நாடு முழுக்க வண்ணத்தில் காட்டியது. என்பிசிக்கு இதில் ஏன் இவ்வளவு அவசரம் என்றால், அதன் உரிமையாளர் ஆர்சிஏ. வண்ணப் பெட்டி விற்கும் கம்பெனியும் அதுதான். 15 அங்குலப் பிக்சர் டியூப் வைத்த அதன் முதல் பெட்டி 1,000 டாலர்.

அதனால் வண்ணத்தில் கை தேர்ந்த ஆபரேட்டர்கள் முதல் பத்து வருடம் பெரும்பாலும் என்பிசியில்தான் இருந்தார்கள். நியூயார்க் ஸ்டூடியோக்களிலும், வண்ணத்துக்கென்றே கட்டி 1955 மார்ச்சில் திறந்த கலிஃபோர்னியாவின் பர்பாங்க் ஸ்டூடியோவிலும்.

அந்த வேலைக்கு எப்படி ஆள் எடுத்தார்கள்?

பலர் இரண்டாம் உலகப் போரில் ராணுவத்தில் ரேடார், வயர்லெஸ் பார்த்தவர்கள். ஊருக்குத் திரும்பிய பிறகு அரசு கொடுத்த படிப்புச் சலுகையில் ஆர்சிஏ நடத்திய பயிற்சிக்கூடம் போன்ற இடங்களில் சேர்ந்து, வானொலி அல்லது கறுப்பு வெள்ளைத் தொலைக்காட்சியில் நுழைந்தார்கள். முதலில் பராமரிப்பு, அப்புறம் கேபிள், அப்புறம் கேமரா கண்ட்ரோல். என்பிசி பொறியாளர்களுக்கு நாபெட் என்ற தொழிற்சங்கம் இருந்தது. யார் எந்தப் பொத்தானைத் தொடலாம் என்பதுகூடச் சங்க விதியில் அடங்கும்.

சர்க்யூட் தெரிந்தால் மட்டும் போதாது என்பது சீக்கிரமே புரிந்துவிட்டது. நல்ல கண்ணும் வேண்டும். இரண்டும் ஒரே ஆளிடம் இருப்பது அபூர்வம்.

கேமரா எப்படி இருந்தது?

ஆர்சிஏ டிகே-41. அந்தக் காலத்து வண்ணத் தொலைக்காட்சி என்றாலே இந்தக் கேமராதான். எடை ஏறக்குறைய 135 கிலோ. உள்ளே, ஒளியை மின் சைகையாக மாற்றும் மூன்று இமேஜ் ஆர்த்திகான் குழாய்கள். லென்ஸ் வழியாக வரும் ஒளியைச் சிறப்புக் கண்ணாடிகள் சிவப்பு, பச்சை, நீலம் என்று பிரித்து ஒவ்வொரு குழாய்க்கும் ஒன்றாக அனுப்பும். அதாவது ஒரு கேமரா என்று நாம் சொல்வது, ஒரே காட்சியை ஒரே நேரத்தில் படம் பிடிக்கும் மூன்று கேமராக்கள். இந்த மூன்று படமும் மயிரிழை பிசகாமல் ஒன்றின் மேல் ஒன்று உட்கார வேண்டும். இந்த வேலையின் சிரமம் அத்தனையும் இந்த ஒரு வரியில் இருக்கிறது.

காலையில் வந்ததும் முதல் வேலை என்ன?

சூடேற்றுவது. எல்லாம் வால்வு சாதனம், பழைய ரேடியோவுக்குள் இருக்குமே, அந்தக் கண்ணாடி வால்வு. கேமராவிலும் கண்ட்ரோல் அறை ரேக்குகளிலும் நூற்றுக்கணக்கான வால்வுகள். குழாய்கள் சரியான வெப்பத்துக்கு வரும் வரை எதைத் தொட்டாலும் பயனில்லை, அரை மணி நேரத்தில் நகர்ந்துவிடும். அதன் பிறகு ரெஜிஸ்ட்ரேஷன், அதாவது மூன்று படத்தையும் ஒன்றின் மேல் ஒன்றாகப் பொருத்துவது.

சிவகாசியில் அச்சான பழைய காலண்டர்களில் முருகன் உதட்டுச் சிவப்பு உதட்டை விட்டுக் கொஞ்சம் தள்ளிக் கன்னத்தில் இருக்கும், பார்த்திருப்பீர்கள். அச்சகத்தில் அதை 'ரெஜிஸ்டர் விலகிப்போச்சு' என்பார்கள். அதே சங்கதிதான் இதுவும், அதே பெயர்தான். அச்சகத்தில் தாள் நகரும், இங்கே மின்புலம் நகரும்.

செய்முறையை அருகில் போய்ப் பார்க்கலாம். கேமராவுக்கு முன்னால் ஒரு சார்ட்டை நிறுத்துவார்கள். வெள்ளை அட்டையில் கறுப்புக் கோடுகள், கட்டங்கள், நடுவிலும் மூலைகளிலும் வட்டங்கள். பச்சைக் குழாயின் படத்தை ஆதாரமாக வைத்துக்கொள்வார்கள். ஏனென்றால் படத்தின் நுணுக்கம் நம் கண்ணுக்குப் பெரும்பாலும் பச்சையில்தான் தெரிகிறது. அதன் மேல் சிவப்பைப் போடுவார்கள். பொருந்தவில்லை என்றால் ஒவ்வொரு கறுப்புக் கோட்டுக்கும் ஒரு பக்கம் நிறம் கசியும், எதிர்ப்பக்கம் எதிர்நிறம் கசியும். குமிழைத் திருப்பினால் நடுவில் கசிவு மறையும். நிமிர்ந்து பார்த்தால் இடது மேல் மூலையில் இன்னும் இருக்கும். படத்தின் அகலத்தைச் சரிசெய்தால் மூலை சரியாகும், நடு மறுபடி நகரும். உயரம், சாய்வு, சுழற்சி என்று ஒவ்வொன்றாகத் திரும்பத் திரும்பப் போக வேண்டும். சிவப்பு முடிந்ததும் நீலம். ஒரு கேமரா முடிந்ததும் அடுத்த கேமரா. நான்கு கேமரா நிகழ்ச்சி என்றால் காலை முழுக்க இதிலேயே போய்விடும்.

நான் வேலைக்குச் சேர்ந்தது 1980களின் பிற்பகுதியில். அப்போதும் எங்களிடம் மூன்று குழாய்க் கேமராக்கள்தான், ஆனால் டிகே-41-ஐவிட எவ்வளவோ நிலையானவை. சேர்ந்த புதிதில் ஒரு நாள் காலை சார்ட்டை அவசரமாக முடித்துவிட்டேன். சாயங்காலச் செய்தியில் வாசிப்பவரின் மேலுதட்டில் மெல்லிய பச்சைக் கோடு ஒன்று நின்றது. நேரலை ஓடுகிறது, குமிழைத் தொட முடியாது. அந்தப் பத்து நிமிடம் எனக்கு இன்றும் மறக்கவில்லை. இதைவிடப் பல மடங்கு அடங்காத கேமராவை வைத்துக்கொண்டு ஒன்றரை மணி நேர நேரலை நாடகம் கொடுத்தவர்களை நினைத்து அன்று இரவு மலைத்துப்போனேன். அவர்களைத் தேடிப் படிக்க ஆரம்பித்ததும் அதன் பிறகுதான்.

ரெஜிஸ்ட்ரேஷன் முடிந்தால் நிறம் சரியாகிவிடுமா?

வடிவம் சரியாகும். நிறம் அடுத்த கட்டம். கறுப்பிலிருந்து வெள்ளை வரை படிப்படியாகச் சாம்பல் பட்டைகள் உள்ள சார்ட்டை வைத்து, எந்தப் பட்டையிலும் நிறச் சாயல் இல்லாதபடி மூன்று குழாய்களையும் சமன் செய்ய வேண்டும். அப்புறம் கேமராவுக்குக் கேமரா ஒப்பிட வேண்டும். ஒன்றாம் கேமராவில் மாநிறமாக இருக்கும் நடிகர் இரண்டாம் கேமராவுக்கு வெட்டியதும் மஞ்சள் காமாலை வந்தவர் மாதிரி தெரிந்தால் அந்தக் காட்சி போச்சு.

சார்ட்டில் சரியாக இருப்பது முகத்தில் சரியாக இருக்காது. அதனால் கேமராவுக்கு முன்னால் நிஜ ஆளை உட்காரவைத்தார்கள். சிபிஎஸ் சோதனைகளில் பேட்டி பெயின்டர் என்ற இளம்பெண் 'மிஸ் கலர் டெலிவிஷன்' என்ற பெயரில் மணிக்கணக்கில் விளக்கு வெளிச்சத்தில் உட்கார்ந்திருந்தார். என்பிசியிலும் இப்படிப் பெண்கள் இருந்தார்கள், 'கலர் கேர்ள்' என்று அழைத்தார்கள். கையில் வண்ணத் துணிகள், பக்கத்தில் பழங்கள். ஆபரேட்டர் துணியைக்கூடப் பெரிதாகக் கவனிக்க மாட்டார், கன்னத்தைத்தான் பார்ப்பார். யாரோ ஒருவரின் புடவை என்ன பச்சை என்று நமக்குத் தெரியாது, முகம் எந்த நிறத்தில் இருக்க வேண்டும் என்று எல்லோருக்கும் தெரியும். என்டிஎஸ்சி முறையே இதை அறிந்துதான் அமைந்தது: தோல் நிறம் விழும் ஆரஞ்சு, நீலப்பச்சை அச்சுக்கு அதிக அலைவரிசை அகலம் ஒதுக்கினார்கள்.

இதில் எனக்கு ஒரு வருத்தம் உண்டு. அந்தச் சோதனைகளில் உட்காரவைத்தது பெரும்பாலும் வெள்ளைத் தோல் பெண்களையே. கறுப்புத் தோலுக்கு எப்படிச் சமன் செய்வது என்பதை ஆபரேட்டர்கள் நிகழ்ச்சி நடக்கும்போதே தாங்களாகக் கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது. மாநிறமும் கறுப்பும் நிறைந்த நம் ஊரில் சிசியு பார்த்தவனுக்கு அந்தக் குறை எவ்வளவு பெரியது என்று தெரியும்.

ஸ்டூடியோ அவ்வளவு சூடாக இருந்ததா?

ஆமாம். உள்ளே வரும் ஒளியை மூன்றாகப் பிரித்தால் ஒவ்வொரு குழாய்க்கும் மிச்சம் கொஞ்சம்தான். அதனால் கறுப்பு வெள்ளைக்குத் தேவைப்பட்டதைப் போலப் பல மடங்கு விளக்கு. நடிகர்களின் மேக்கப் வழிந்தது. வெள்ளைச் சட்டை பெரிய எதிரி, இந்தக் கேமராக்களால் அதைத் தாங்க முடியாது. அதனால் உடை அலங்காரத்தில் சட்டைகளை லேசான நீலத்திலோ சாம்பலிலோ தோய்த்துக் கொடுப்பார்கள். நம் வீட்டில் வெள்ளை பளிச்சென்று தெரியச் சொட்டு நீலம் போடுகிறோம், அங்கே வெள்ளையை அடக்கச் சாயம் போட்டார்கள். டிவியில் அது வெள்ளையாகத்தான் தெரியும்.

நேரலை ஓடும்போது அவர் என்ன செய்துகொண்டிருப்பார்?

ஒரு நொடி சும்மா இருக்க மாட்டார். ஒரு கை லென்ஸுக்குள் வரும் ஒளியைக் கூட்டிக் குறைக்கும் ஐரிஸில், ஒரு கை கறுப்பு மட்டத்தில். நடிகை ஜன்னல் பக்கம் நகர்ந்தால் ஐரிஸை மூட வேண்டும். ஆனால் அவர் நகர்ந்த பிறகு மூடினால் வீட்டில் இருப்பவர்களுக்குப் படம் 'பக்'கென்று மாறுவது தெரியும். அதனால் ஒத்திகையிலேயே அசைவுகளை மனப்பாடம் செய்துகொண்டு, அவர் காலெடுத்து வைக்கும்போதே விரல் நகர்ந்திருக்க வேண்டும். மிருதங்கக்காரர் பாடகரின் முகத்தைப் பார்த்தே அடுத்த எடுப்பைப் பிடிப்பது மாதிரி.

இன்னொரு தொல்லை, குழாயில் படம் ஒட்டிக்கொள்வது. ஒரே காட்சியைக் கேமரா அசையாமல் நீண்ட நேரம் பார்த்துக்கொண்டிருந்தால், வேறு பக்கம் திரும்பிய பிறகும் பழைய காட்சியின் நிழல் அங்கேயே நிற்கும். அதனால் இன்டர்காமில் கேமராமேனுக்கு, கேமராவைச் சும்மா நிறுத்தி வைக்காதே என்று சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும்.

1955 மார்ச் 7 அன்று மேரி மார்ட்டின் நடித்த 'பீட்டர் பான்' நாடகத்தை நியூயார்க்கிலிருந்து என்பிசி நேரலையாக வண்ணத்தில் கொடுத்தது. கம்பியில் கட்டிய நடிகர்கள் பறக்கிறார்கள், விளக்கு மாறுகிறது, கேமராக்கள் துரத்துகின்றன. அந்த மாலை கண்ட்ரோல் அறையில் உட்கார்ந்திருந்தவர்களின் வயிறு எப்படி இருந்திருக்கும் என்று சிசியு பார்த்த யாராலும் ஊகிக்க முடியும்.

இவ்வளவு பாடுபட்டும் வீட்டில் நிறம் தாறுமாறாகத்தானே தெரிந்தது?

உண்மை. என்டிஎஸ்சியில் நிறத்தின் சாயல் முழுவதும் ஒரு துணை அலையின் கட்டத்தில் (phase), அதாவது அலை எந்த நேரத்தில் ஏறி இறங்குகிறது என்பதில் இருக்கிறது. அதன் அதிர்வெண் 3.58 மெகாஹெர்ட்ஸ். வழியில் கட்டம் கொஞ்சம் பிசகினால் முகம் பச்சைக்கோ ஊதாவுக்கோ போய்விடும். அதனால் அமெரிக்கப் பெட்டிகளில் 'டின்ட்' என்று ஒரு குமிழ் வைத்தார்கள், வீட்டுக்காரரே திருப்பிக்கொள்ளலாம். காலையெல்லாம் சார்ட் முன்னால் தவம் கிடந்தவரின் உழைப்பு ஒரு வரவேற்பறையில் அரைத் திருப்பில் கலைந்துவிடும். நம் ஊருக்கு வந்த 'பால்' (PAL) என்ற ஒளிபரப்பு முறையில் வரிக்கு வரி கட்டத்தைத் திருப்பி அனுப்பி அந்தப் பிசகைச் சமன் செய்துவிடுகிறார்கள். ஜெர்மனியின் டெலிஃபுங்கனில் வால்டர் புரூக் உருவாக்கியது. நம் பழைய பெட்டிகளில் டின்ட் குமிழைத் தேட வேண்டிய அவசியம் வராததற்கு அவர்தான் காரணம்.

டேப் வந்ததும் வேலை மாறியதா?

நிறைய. ஆம்பெக்ஸில் சார்லஸ் கின்ஸ்பர்க் தலைமையிலான சிறு குழு 1956-ல் 2 அங்குல வீடியோ டேப்பைக் காட்டியது. பின்னாளில் ஒலித் துறையில் பெயர் பெற்ற ரே டால்பியும் அந்தக் குழுவில் இருந்தார். 1958-க்குள் வண்ணமும் பதிவாயிற்று. வீடியோ அறையில் இருந்த சிலர் டேப் அறைக்கு மாறினார்கள்.

அங்கே எடிட்டிங் என்றால் பிளேடு. டேப்பின் மேல் நுண்ணிய இரும்புத் தூள் கலந்த திரவத்தைத் தடவினால் காந்தப் பதிவின் தடங்கள் கண்ணுக்குத் தெரியும். நுண்ணோக்கியில் பார்த்து, ஒரு படம் முடிந்து அடுத்தது தொடங்கும் இடத்தைக் கண்டுபிடித்து வெட்டி ஒட்ட வேண்டும். வெட்டு தப்பினால் படம் உருண்டுவிடும். அதோடு, ஒலியைப் பதியும் முனை படத்தின் முனையிலிருந்து ஒன்பது அங்குலத்துக்குச் சற்று மேல் தள்ளியிருந்தது. டேப் நொடிக்கு 15 அங்குலம் ஓடுவதால், படத்தை வெட்டும் இடத்துக்கும் அதன் பேச்சு இருக்கும் இடத்துக்கும் அரை நொடிக்கு மேல் இடைவெளி. ஆகவே பேச்சில் மூச்சு விடும் இடம் பார்த்துத்தான் கத்தி வைக்க முடியும். பர்பாங்கில் இந்தக் கலையில் பெயரெடுத்தவர் ஆர்ட் ஷ்னைடர். 1968-ல் தொடங்கிய 'லாஃப்-இன்' நகைச்சுவை நிகழ்ச்சியில் நொடிக்கு நொடி வெட்டுகள். அத்தனையும் கையால் ஒட்டியவை. அதற்காக அவருக்கு அமெரிக்கத் தொலைக்காட்சிக்கான எம்மி விருது கிடைத்தது.

இவர்கள் வேலையை இன்று பார்க்க முடியுமா?

மிகக் கொஞ்சம். டேப் வருவதற்கு முந்தைய நேரலைகளை மானிட்டரைப் படம் பிடித்துக் கறுப்பு வெள்ளைப் பிலிமில்தான் பொதுவாகச் சேமித்தார்கள். 1955 'பீட்டர் பான்' அப்படித்தான் இருக்கிறது. கதை இருக்கிறது, நடிப்பு இருக்கிறது, வீடியோ ஆபரேட்டரின் உழைப்பு மட்டும் இல்லை. டேப் வந்த பிறகும் அது விலை அதிகம் என்று அழித்து அழித்து மறுபடி பயன்படுத்தினார்கள்.

தப்பியவற்றில் பழையது 1958 மே 22 அன்று வாஷிங்டனில் ஒரு புதிய நிலையத்தின் திறப்பு விழாவில் அமெரிக்க அதிபர் ஐசனாவர் பேசிய பதிவு. அதே வருடம் அக்டோபர் 17 அன்று ஒளிபரப்பான ஃபிரெட் அஸ்டேரின் நடன நிகழ்ச்சியும் வண்ண டேப்பில் தப்பித்தது. ஆனால் அன்றைய பதிவு முறையைப் பின்னாளைய எந்திரங்கள் படிக்கவில்லை. எட் ரைட்டன், டான் கென்ட், டான் ஐன்ஸ்டைன் மூவரும் 1980களில் அந்த வண்ணத்தை மீட்டெடுத்தார்கள். அதற்கும் எம்மி கொடுத்தார்கள். எத்தனை விருது கொடுத்தாலும் தகும்.

இந்த வேலை எப்போது மாறியது?

1960களின் நடுவில் பிலிப்ஸின் பிளம்பிகான் குழாய் வைத்த கேமராக்கள் வந்தன. சிறியவை, ஒளி குறைவாகப் போதும், நகராமல் நிற்கும். 1966-ல் அமெரிக்காவின் மூன்று பெரிய தொலைக்காட்சி நிறுவனங்களின் மாலை நேரமும் முழு வண்ணமானது. ஆள் தேவை அதிகமாயிற்று, ஒவ்வொருவரின் போராட்டம் குறைந்தது. பிறகு குழாய்க்குப் பதில் சிப் வைத்த கேமராவில் மூன்று படங்களையும் தொழிற்சாலையிலேயே பொருத்தி ஒட்டிவிட, ரெஜிஸ்ட்ரேஷன் சார்ட்டுகள் ஸ்டோர் ரூமுக்குப் போயின. எங்கள் சார்ட் ஒன்று இன்னும் என்னிடம் இருக்கிறது.

நம் பக்கம் இந்த வேலை எப்போது வந்தது?

ஆசியாவில் ஜப்பான் 1960-லேயே தொடங்கிவிட்டது. இலங்கையில் ரூபவாஹினி 1982 பிப்ரவரியில் வந்தது. சென்னை தூர்தர்ஷன் 1975 ஆகஸ்ட் 15 முதல் கறுப்பு வெள்ளையில் இயங்கியது. 1982 ஆகஸ்ட் 15-ல் தேசிய ஒளிபரப்பு வண்ணத்துக்கு மாறி, நவம்பரில் டெல்லி ஆசிய விளையாட்டுப் போட்டியோடு வேகம் பிடித்தது. கறுப்பு வெள்ளையில் பல வருடம் பழகிய கைகள் சில மாதங்களில் நிறம் கற்றுக்கொண்டன. எனக்குச் சொல்லிக்கொடுத்த பெரியவர் அப்படி மாறியவர். மானிட்டர் பக்கத்தில் எப்போதும் ஒரு சாம்பல் அட்டை வைத்திருப்பார். "கண்ணு பழகிட்டா எந்த நிறமும் சரியாத்தான் தெரியும் தம்பி, நடுவுல நடுவுல இதைப் பாரு" என்பார்.

பழைய பதிவு ஒன்றைப் பார்க்கும்போது எதைக் கவனிக்க வேண்டும்?

அந்த அஸ்டேர் நிகழ்ச்சி கிடைத்தால் பாருங்கள். விளக்கு பட்டுப் பளபளக்கும் பொருளைச் சுற்றி ஒரு கருவளையம் தெரியும், அது இமேஜ் ஆர்த்திகானின் கையெழுத்து. அடுத்து, ஆட்டக்காரர்களின் உடை பின்திரையைத் தொடும் விளிம்பைப் பாருங்கள். அங்கே சிவப்போ பச்சையோ கசியாமல் இருந்தால், அந்தக் காலையில் சார்ட் முன்னால் உட்கார்ந்து நான்கு மூலைகளையும் விடாமல் பார்த்த ஒருவரின் வேலையைத்தான் நீங்கள் பார்த்துக்கொண்டிருக்கிறீர்கள்.